தூண் காக்காவின் வேலி வழக்கு

நீதிமன்றத்துக்கு, எங்கள் பேச்சில் கோட்டுக்கு, போகிறவர்களில் இரண்டு வகைதான் உண்டு. வழக்கை வென்றால் போதும் என்கிறவர்கள் ஒரு வகை, எப்படியாவது முடிந்தால் போதும் என்கிறவர்கள் மறு வகை. இரண்டிலும் சேராத ஒரே மனிதர், காக்கா என்று, அதாவது அண்ணன் என்று, ஊரே கூப்பிடும் எங்கள் தூண் காக்கா. தன் வழக்கு முடிந்துவிடக் கூடாது என்று ஐவேளைத் தொழுகையிலும் துஆ கேட்டவர் அவர்.

அவருக்கு எங்கள் பழைய கோட்டுக் கட்டடத்தின்மேல் அப்படியொரு பைத்தியம். கல்முனைக் கரையோரத்தில் வெள்ளைக்காரன் காலத்தில் எழும்பிய கட்டடம் அது. இரண்டு பேர் கைகோத்தாலும் கட்டிப்பிடிக்க முடியாத உருண்டைத் தூண்கள், நாலு பக்கமும் விறாந்தை, அண்ணாந்து பார்த்தால் கழுத்து வலிக்கும் ஓட்டுக் கூரை. காக்கா தன் சைக்கிள் கடையை மகனிடம் கொடுத்துவிட்டு, காலையில் வந்து விறாந்தை வாங்கில் உட்கார்ந்தால் கோடு கலையும்வரை எழும்ப மாட்டார். வழக்குத் தவணைக்கு வந்தவர் யாராவது பக்கத்தில் உட்கார்ந்துவிட்டால் தொலைந்தார்.

"இந்தத் தூணுக்குள்ள என்ன இரிக்கி தெரியுமா? சுண்ணாம்பும் முட்ட வெள்ளக்கருவும். இதக் கட்டி முடியுமட்டும் ஊருல ஒருத்தரும் முட்ட திங்கல்ல. எல்லாத்தையும் தூண்தான் திண்ட!"

அவருடைய சரித்திரத்தில் கட்டடத்தைக் கட்டியவன் திங்களன்று ஒல்லாந்தனாக இருப்பான், செவ்வாயன்று இங்கிலீசுக்காரனாகிவிடுவான். வெள்ளிக்கிழமை மட்டும் மக்காவிலிருந்து ஒரு மேசன் வந்து சேர்வார். கூரையில் பழைய காலத்து இழுவை விசிறி தொங்கிய கொக்கி ஒன்று இருந்தது. பொய்ச்சாட்சி சொன்னவனைத் தலைகீழாகத் தொங்கவிட்ட கொக்கி என்று அதைக் காட்டுவார். அதைக் கேட்ட என் கட்சிச் சாட்சி ஒருவர், பெயர் கூப்பிடுமுன்பே சாய்ந்தமருதுக்கு பஸ் ஏறிவிட்டார். நான் அப்போது தொழிலுக்குப் புதிய சட்டத்தரணி. காக்காவை அன்று கொன்றிருப்பேன்.

இந்த நேரத்தில்தான் கடமைக்கு வந்த ஒரு புதுப் பொலிஸ்காரர், வழக்கில்லாதவர்கள் விறாந்தையில் இருக்கக் கூடாது என்று விரட்டத் தொடங்கினார். காக்கா நேரே அடுத்த வீட்டு வளவுக்குப் போனார். அங்கே இருந்தது அவருடைய மனைவியின் தம்பி.

"மச்சான், என்ட மேல ஒரு வழக்குப் போடுங்க."

"என்னத்துக்கு?"

"என்னத்துக்காச்சும் போடுங்க. நமக்கு நடுவுல வேலி இரிக்கி, வேலியில தென்ன இரிக்கி. இதுக்கு மேல என்ன வேணும்?"

மச்சான் தங்கமான மனிதர், போட்டுவிட்டார். இந்தக் கதையெல்லாம் பிறகுதான் எனக்குத் தெரியவந்தது. இருவரும் ஒரே மோட்டார் சைக்கிளில் வருவார்கள், ஒரே சோத்துப் பார்சலைப் பிரித்துச் சாப்பிடுவார்கள், உள்ளே போனதும் வழக்காளியும் எதிராளியுமாக முகத்தைத் திருப்பிக்கொண்டு நிற்பார்கள். காக்காவுக்காக நான் ஆஜரானேன். அவருக்கு நான் செல்லமாகக் 'கிளி'.

"வெல்லவும் வேணா, தோக்கவும் வேணா கிளி. வழக்கத் தள்ளிப்போடத் தவண மட்டும் எடுத்துத் தாங்க," என்றார். ஒரு சட்டத்தரணியிடம் இதைவிட இலேசான வேலையை யாரும் கேட்க முடியாது.

நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. பிறகு ஒரு புது நீதிபதி வந்தார். "சொந்தக்காரர்கள்தானே, இணங்கிப் போகலாமே," என்றார். "ஏலா ஐயா!" என்று இருவரும் ஒரே குரலில் சொன்னார்கள். அந்த ஒற்றுமையைப் பார்த்து அவருக்கு என்னவோ தட்டியிருக்க வேண்டும். வேலியை நேரில் பார்க்க வருகிறேன் என்றார்.

வந்தார். "தகராறு எந்த இடத்தில்?" என்று கேட்டார். காக்கா வேலியின் வடக்கு மூலையைக் காட்டினார், மச்சான் தெற்கு மூலையைக் காட்டினார்.

"வழக்கில் சொன்ன தென்னை எது?"

"எந்தத் தென்ன ஐயா?" என்றார் மச்சான்.

நான் வானத்தைப் பார்த்தேன். அப்போது எங்கோ ஒரு கோழி கொக்கரித்தது. நீதிபதி திரும்பினார், அப்படியே நின்றுவிட்டார். காக்காவின் கோழிக்கூட்டில் குழாயில் சீமெந்து பூசிய உருண்டைத் தூண்கள், நாலு பக்கமும் விறாந்தை, மேலே ஓட்டுத் துண்டுகள் பதித்த கூரை. உள்ளே உயர்ந்த மேடையில் ஒரு கோழி.

"இது நம் கோடு அல்லவா?"

காக்கா வழக்கையே மறந்துவிட்டார். "ஓம் ஐயா! ஒரு தூணும் கொறயாது, பாருங்க. அந்த மேட ஒங்கட எடம். அது அடக்கோழி, இப்ப எழுப்ப ஏலா."

நீதிபதியின் முகம் சிவந்தது. இன்று இருவரையும் மறியல் கம்பிக்குள் தள்ளிவிடுவார் என்றே நினைத்தேன். மச்சான்தான் முன்னுக்கு வந்து எல்லாவற்றையும் சொன்னார்.

"சுனாமியில தண்ணி இவர அடிச்சிட்டுப் போன ஐயா. அந்தக் கோட்டு விறாந்தைக் கம்பியப் புடிச்சித்தான் இவர் தப்பின. அங்க போய் இரிந்தாத்தான் இவருக்கு நிம்மதி. அதுக்காகத்தான் நான் வழக்குப் போட்ட."

கொக்கிக்கும் முட்டைக்கும் அத்தனை கதை சொன்ன மனிதர், இதை மட்டும் யாரிடமும் வாய் திறந்து சொன்னதில்லை. நீதிபதி வெகுநேரம் கோழியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "வழக்கு தள்ளுபடி. இனி இந்த வேலியைப் பற்றி என் காதில் ஒரு சொல் விழக் கூடாது," என்று சொல்லிவிட்டுப் போனார்.

அதன்பிறகு காக்கா தெருவுக்கு அந்தப் பக்கம், தேத்தண்ணிக் கடையில் நின்று தூண்களைப் பார்ப்பார். எனக்கு அதைப் பார்க்கப் பொறுக்காது. தலையைக் குனிந்துகொண்டு உள்ளே போய்விடுவேன்.

கோடு புதுக் கட்டடத்துக்கு மாறும் நாள் வந்தது. பழைய கட்டடத்தில் கடைசி வழக்கும் முடிந்தபின், நீதிபதி, கோட்டில் பெயர் கூப்பிடும் ஆராச்சியை அழைத்து ஏதோ சொன்னார். ஆராச்சி விறாந்தைக்குப் போய் உரத்த குரலில் ஒரு பெயரைக் கூப்பிட்டார். யாரும் வரவில்லை. அந்தப் பெயரில் ஒருவர் இருப்பதே ஊருக்குத் தெரியாது, வேலி வழக்கின் தாளில் அதைப் படித்த எனக்குத் தெரியும். இரண்டாம் முறையும் கூப்பிட்டார். எதிர்க் கடையில் காக்கா தேத்தண்ணியோடு விறைத்துப்போய் நின்றார். மூன்றாம் முறை கூப்பிட்டபோது, உடுத்திருந்த சாரத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு தெருவைக் குறுக்கே ஓடி வந்தார்.

"ஓம் ஐயா, இரிக்கன்!"

"உங்களுக்கு வழக்கு ஒன்றுமில்லை," என்றார் நீதிபதி. "கோடு கலையும்வரை வாங்கில் உட்காருங்கள்."

காக்கா உட்கார்ந்தார். நானும் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தேன். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, என்றும் இல்லாத மெதுவான குரலில் தொடங்கினார்.

"இந்தத் தூணுக்குள்ள என்ன இரிக்கி தெரியுமா கிளி?"

"தெரியா காக்கா," என்றேன். "சொல்லுங்க."