கேமராவுக்குக் குடை பிடித்தவர்

எங்கள் ஊர் செடெனாக்கில் படமெடுக்கப் போனைத் தூக்கிய அத்தனை பேரும் ஒரே ஓர் ஆளுக்குத்தான் பயந்தார்கள். அவர் குடைக்காரர், பள்ளி வேன் ஓட்டுபவர். உண்மைப் பெயர் எனக்குத் தெரியாது. அவர் மனைவிக்குத் தெரியுமா என்பதே சந்தேகம்.

பிள்ளைகளை யாராவது வீடியோ எடுத்தால் போதும், நடுவில் வந்து கறுப்புக் குடையை விரிப்பார். ஆயர் ஈத்தாமில் வாங்கிய குடை. நானும் அங்கே ஒருமுறை பூச்சாடி வாங்கி, வீடு வருவதற்குள் உடைத்தேன். அது வேறு கதை. கோயிலில் ஒரு காதுகுத்து. குழந்தை வாயைப் பிளந்து அழுதது, போன்கள் எழும்பின, குடை விரிந்தது. கூரை ஒழுகுகிறதோ என்று பூசாரி அண்ணாந்து பார்த்தார்.

என் மகன் சேகர், என் பேத்தி யாழினி வேன் ஏறுவதைத் தினமும் எடுத்து இணையத்தில் ஊருக்கெல்லாம் போடுவான். முக்கால்வாசி குடைதான் தெரியும். "குடை எங்க வாங்கினீங்க?" என்று வீடியோவுக்குக் கீழே ஒருவர் கேட்டிருந்தார்.

"அங்கிள், என் பிள்ளய நான் எடுக்கறேன் லா!"

"பிள்ளகிட்ட கேட்டியா தம்பி?"

"ஏழு வயசுப் பிள்ளகிட்ட என்னா கேக்கறது?"

"ரொட்டி சானாய் வேணுமான்னு கேக்கறல்ல?"

ஒருநாள் பள்ளி விட்ட நேரம். முன்பின் தெரியாத ஒருவன் வாசலில் நின்று, "யாழு பாப்பா! உன் பொம்மை மின்னு எப்படி இருக்கு?" என்று கூப்பிட்டான். பொம்மையின் பெயரே தெரிகிறதே, சொந்தக்காரர்தான் என்று இவளும் ஓடினாள். நடுவில் குடை விரிந்தது.

"யாருடா நீ?"

"வீடியோல டெய்லி பாக்கறேன் அங்கிள். நீல கேட் வீடு, ஆறரைக்கு வேன்..."

குடைக்காரர் போட்ட சத்தத்தில் காவலாளி ஓடி வந்தார். அவன் மோட்டார் சைக்கிளில் ஏறிப் பறந்துவிட்டான்.

நேரே எங்கள் வீட்டுக்கு வந்தார் குடைக்காரர்.

"பேரு, பள்ளிக்கூடம், வீடு, நேரம். எல்லாத்தயும் நீதான்டா அவனுக்குச் சொல்லி வெச்சிருக்க!"

சேகர் போனைக் கையில் எடுத்தான். உட்கார்ந்து ஒவ்வொரு வீடியோவாக அழித்தான். யாழினி பக்கத்தில் நின்று, "இதயும்பா. இதுல நான் அழறேன்" என்று சுட்டிக் காட்டினாள்.

போன மாதம் குடைக்காரர் வேனை விற்றுவிட்டார். தங்காக்கில் இருக்கும் மகள் வீட்டோடு போகிறாராம். சொல்லிக்கொள்ள வந்தவர் போகாமல் தலையைச் சொறிந்தார்.

"என்னாய்யா?"

"அண்ணே, உங்ககூட ஒரு படம் எடுத்துக்கலாமா? யாருக்கும் அனுப்ப மாட்டேன்."

உள்ளே போய்த் தீபாவளிச் சட்டையை மாட்டிக்கொண்டு வந்து, அவர் தோளோடு ஒட்டி நின்றேன்.