தவணைக்காரர் வராத மூன்று மாதம்

அருமை மருமகனுக்கு,

பூட்டுகளின் சக்கரவர்த்தியும் உன் அம்மாவின் ஒரே அண்ணனுமாகிய மாமா எழுதுவது. நான் நலம், கடை நலம், முழங்கால் மட்டும் தனிக்கட்சி. உன் நலம் நீ எழுதினால்தான் தெரியும். ஏழு மாதமாகத் தெரியவில்லை.

போன வருடம் நான் வாங்கிய சாவி வெட்டும் இயந்திரம் ஞாபகமிருக்கும். சின்னக் கடைக்காரர்களுக்கு இஸ்லாமிய முறையில் தவணைக்குப் பொருள் கொடுக்கும் நிறுவனத்தில் எடுத்தது, வட்டி என்ற பேச்சே கிடையாது. அவர்களே பொருளை விலைக்கு வாங்கி நமக்கு விற்பார்கள். அவர்கள் அனுப்பிய தவணைக்காரர் இயந்திரத்தை வாசலில் இறக்கி, "அண்ணே, நாங்க வாங்குன விலை இது, எங்க லாபம் இது. லேட்டானாலும் ஒரு காசு ஏறாது. நீங்க சம்மதிக்கிற வரைக்கும் எங்க பொருள், கீழே விழுந்தா எங்க நஷ்டம்" என்றார். தன் லாபத்தைத் தானே சொல்லும் வியாபாரியை சூரியன் தோன்றிய நாள்முதல் கண்டதில்லையாதலால் எனக்குப் பேரமே மறந்துபோயிற்று.

அப்புறம் மாதாமாதம் ஐந்தாம் தேதி வருவார். ரசீதுக்கு இரண்டு நிமிடம், மீதி ஒன்றரை மணி நேரம் அவர் மகள் பரீட்சை, என் முழங்கால், உலக அரசியல். அவருக்கென்றே நாற்காலி வாங்கிப் போட்டேன். ஊரில் பாதிக் கதவு நான் வெட்டிய சாவியில்தான் திறக்கிறது மாப்பிள்ளை, என் கதவைத் தட்ட அவர் ஒருத்தர்தான்.

"இன்னும் மூணே தவணைதாண்ணே!" என்று ஒரு நாள் அவர் சந்தோஷமாகச் சொன்னார். அதற்கப்புறம் அந்த நாற்காலியில் யார் உட்காருவது? உடனே என் மகா மூளை வேலை செய்தது. வட்டிக்கடைக்காரன் என்றால், பாக்கி வைத்தால் காலையும் மாலையும் வாசலில் வந்து நிற்பானில்லையா? அதே கணக்கில் இவரிடமும் மூஞ்சியைத் தொங்கப் போட்டு, "வியாபாரம் படுத்துடுச்சு தம்பி"ன்னு ஒரு பெருமூச்சு விட்டேன். கூரையைத் தூக்கிக்கொண்டு போகிற பெருமூச்சு. மனுஷன் கண் கலங்கிட்டார். "கஷ்டப்படறவங்களை நெருக்கக் கூடாதுங்கறதுதான் எங்க முறைண்ணே. மூணு மாசம் நிம்மதியா இருங்க. நான் இந்தப் பக்கமே வரமாட்டேன்."

சொன்ன சொல் தவறாதவர். வரவேயில்லை! ஐந்தாம் தேதி வந்தது, போனது. நாற்காலியில் தூசி. பொறுக்கமுடியாமல் பணத்தை எடுத்துக்கொண்டு அவங்க ஆபீசுக்கே ஓடினேன். கவுன்டரில் இருந்த அம்மா என் கணக்கைப் பார்த்துவிட்டு, "உங்களுக்குத்தான் மூணு மாசம் தள்ளி வச்சிருக்கே ஐயா, வெளிய கைமாத்து வாங்கிட்டு வந்தீங்களா? வேணாம்யா, எடுத்துட்டுப் போங்க"ன்னு தண்ணி கொடுத்து அனுப்பிட்டாங்க. கொடுக்கப் போன பணத்தோடு துரத்தப்பட்ட ஒரே ஆள் சரித்திரத்திலேயே உன் மாமாதான்.

ஆகவே இன்னொரு இயந்திரம் எடுப்பதென்று தீர்மானித்துவிட்டேன். இந்த முறை ஜாமீன் கேட்கிறார்கள். சொந்தக்காரர் நேரில் வந்து கையெழுத்துப் போட வேண்டுமாம். நான் தனியாக இருப்பதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை. இது சுத்தமான வியாபாரம். உடனே புறப்படு.

உன் பூட்டெல்லாம் ஒரே திருப்பில் திறக்கட்டும். உன் அம்மாவுக்கு என் அன்பும், அவள் திருப்பித் தராத என் குடைக்கு என் விசாரிப்பும்.

இப்படிக்கு,
மாமா

பி.கு.: ஜாமீன் யாரும் கேட்கவில்லை. இன்னொரு இயந்திரமும் வேண்டாம், இருப்பதற்கே வேலை போதவில்லை. உறைக்குள் என் வீட்டுச் சாவி ஒன்று வைத்திருக்கிறேன், உனக்காக வெட்டியது. சரியாகத் திறக்கிறதா என்று நீ வந்து பார்த்தால்தான் தெரியும்.