சுத்த இங்கிலீஷ் சங்கத்தின் கடைசி விருந்து

ஒருவன் தலையில் கனம் ஏற வேண்டுமானால் பாறாங்கல் எதுவும் தேவையில்லை, ஏதாவது ஒரு சங்கத்துக்குத் தலைவராக்கிவிட்டால் போதும். அந்தக் கனத்தோடு நானும் கொஞ்ச காலம் மலாய் நாட்டில் ஜார்ஜ் டவுன் வீதிகளில் நிமிர்ந்து திரிந்தேன். முப்பதுகளின் தொடக்கம் அது. கப்பல் சரக்கு வைக்கும் கோடவுன் ஒன்றில் எனக்குக் கிராணி உத்தியோகம். (குமாஸ்தாவை இங்கே கிராணி என்பார்கள். வேலை ஒன்றுதான், வாய் நிறையச் சொல்லிக்கொள்ளக் கிராணிதான் சௌகரியம்.) மாலை ஆனால் டத்தோ கிராமாட் ரோட்டில் ஒரு மாடியறையில் நான் சக்கரவர்த்தி. அதாவது, நானே தொடங்கி நானே தலைமை தாங்கிய தூய ஆங்கிலச் சங்கத்தின் தலைவர்.

எங்கள் பையன்கள் பேசிய இங்கிலீஷ் எனக்குப் பிடிக்காது. பாதி மலாய், கால் தமிழ், மிச்சமிருக்கும் இங்கிலீஷுக்கும் வாலில் ஒரு ‘லா’. “கம் லா, ஈட் லா” என்று யாராவது சொன்னால் எனக்குப் பல் கூசும். ஆகவே ஒரு விதி செய்தேன். சங்க அறைக்குள் வேற்று மொழிச் சொல் ஒன்று வாயிலிருந்து விழுந்தாலும் அவருக்கு அன்றைய பலகாரம் கிடையாது. வடைத் தட்டு உள்ளே வருவதைப் பார்த்து “ஆகா” என்று சொல்லி வடையை இழந்தவர்கள் உண்டு. இழந்த பிறகு அவர்கள் சொன்னதை இங்கே எழுத முடியாது.

சங்கச் செயலாளர் காதர். அவன் மாமாவுக்குச் சாப்பாட்டுக் கடை. எங்களுக்குப் பலகாரம் அங்கிருந்துதான் வரும். இங்கிலீஷ் மேல் அவனுக்கு எந்த ஆசையும் கிடையாது. மாமாவின் வடை சரியான ஆட்களிடம் போய்ச் சேருகிறதா என்று பார்க்கவே அவன் சங்கத்தில் இருந்தான் என்று நினைக்கிறேன்.

இந்த நேரத்தில்தான் முத்தையா பிள்ளை கதைக்குள் வந்து சேர்ந்தார். அவர் ஒரு பெரிய ஆபீசில் தலைமைக் கிராணி. அவருக்கு ஒரே மகள், ரஞ்சிதம். கான்வென்டில் படித்த பெண். கோவில் வாசலில் அவளைப் பார்த்த நாளிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. (மூன்று வேளையும் சாப்பிட்டேன். இறங்கவில்லை என்றுதான் சொல்கிறேன்.) பெண் கேட்டு ஆள் அனுப்பியபோது பிள்ளை சொன்ன பதில் இது: “பையன் இங்கிலீஷ் சுத்தமா பேசுவானாமே. சங்க ஆண்டு விழாவுக்குக் குடும்பத்தோட வர்றேன். பாத்துட்டுச் சொல்றேன்.”

இதைக் கேட்டதும் எனக்கு ரெக்கை முளைத்துவிட்டது. சாதாரண விதி போதாது என்று விழாவுக்காக இன்னொரு விதி சேர்த்தேன். பந்தியில் ஒவ்வொருவரும் எழுந்து தனக்கு வேண்டிய பண்டத்தைப் பெயர் சொல்லிக் கேட்க வேண்டும். பெயர் சுத்த இங்கிலீஷாக இருந்தால்தான் தட்டில் விழும். அதற்குத் தோதாகப் பண்டங்களையும் நானே பெயர் பார்த்துப் பொறுக்கினேன். வடை வேண்டாம், தமிழ். கேசரி வேண்டாம், அதுவும் நம்மவர்தான். பனானா, மேங்கோ, ஆரஞ்சு, அவித்த யாம் கிழங்கு, கறி பப் (மாவு ஓட்டுக்குள் கறியை வைத்துப் பொரித்தது), ஜிஞ்சர் பிஸ்கட், கேக், டீ, காபி, சுகர். ஒப்புக்கு ரொட்டியும் பாலும்.

“வடை இல்லாத ஆண்டு விழாவாண்ணே?” என்றான் காதர்.

“வடைக்கு இங்கிலீஷ்ல பேர் இருக்கா?”

“பேரு எதுக்குண்ணே, வாயில போட்டா போதாதா?”

அவனுக்குப் புரியாது என்று விட்டுவிட்டேன். பந்திக்கு நடுவராக, இங்கிலீஷையே தாய்மொழியாகக் கொண்ட ஒருவர் வேண்டும் என்றேன். எனக்குத் தெரிந்த துரைகள் யாரும் எங்கள் மாடிப்படி ஏறச் சம்மதிக்கவில்லை. பொறுப்பைக் காதர் ஏற்றுக்கொண்டான்.

விழா ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை. மாலையும் கையுமாகப் படி வாசலில் நின்றேன். காதரோடு ரிக்ஷாவிலிருந்து இறங்கியவர் ஓங்குதாங்கான கறுப்பு மனிதர். வெள்ளைக் கோட்டு, பளபளக்கும் ஜோடு, தோளில் உறை போட்ட ஒரு வாத்தியம். நான் அவருக்குப் பின்னால் எட்டிப் பார்த்தேன். ரிக்ஷாவில் வேறு யாரும் இல்லை.

“ஓட்டல்ல ஆட வர்ற ஜனங்களுக்கு வாசிக்குதே ஒரு பேண்டு, அந்தக் கூட்டத்துல பாஞ்சோ வாசிக்கிறவரு. மிஸ்டர் ஜோசையா. மேற்கு ஆப்பிரிக்காவுல ஃப்ரீடவுன்” என்று காதர் என் காதைக் கடித்தான். “வீட்டுல அம்மா அப்பா பேசுறது இங்கிலீஷுதானாம். ஒங்களுக்கு அதானே வேணும்?”

எனக்கு வேண்டியது அதுவல்ல, ஒரு துரையின் சிவந்த மூக்கு. அதை வெளியே சொல்ல வெட்கமாக இருந்ததால் மாலையைப் போட்டேன். எனக்கிருந்த புத்தி அவ்வளவுதான். இன்று நினைத்தாலும் எனக்கு நானே கொட்டிக்கொள்ளத் தோன்றுகிறது.

மேடைக்குப் போகும்முன் அவர் கோட்டுப் பையிலிருந்து ஒரு கொட்டையை எடுத்து, உடைத்து, பாதியைப் பிள்ளையிடம் நீட்டினார். (அவர் பேசியதெல்லாம் இங்கிலீஷ். என் ஞாபகத்தில் அது தமிழாகவே கேட்கிறது, என்ன செய்ய.) “எங்க ஊர்ல பெரிய மனுஷங்களைப் பார்த்தா இதைக் கொடுத்துதான் பேச்சை ஆரம்பிப்போம். கோலா.” பிள்ளை அதை மென்றுவிட்டு, தன் வெற்றிலைப் பெட்டியைத் திறந்து நீட்டினார். “நாங்க இதை. வெத்தில. இதைத்தான் துரைமாருங்க பீட்டல்னு சொல்றாங்க.” ஜோசையா கண் மலர்ந்தது. “அப்போ உங்க சொல்லும் இங்கிலீஷுக்குப் போயிருக்கா? எங்க கோலாவும் போயிருக்கு” என்றார். இருவரும் பிரிந்திருந்த பங்காளிகள் போலப் பக்கத்துப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்கள். ஆபத்து அங்கேதான் ஆரம்பித்தது. நானோ என் உரையை மனத்துக்குள் ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தேன்.

உரை நன்றாகத்தான் போனது. பெண்கள் பக்கம் ரஞ்சிதம் கவனித்துக் கேட்டாள். பிறகு விதியை விளக்கி, நடுவர் கையில் ஒரு சின்ன வெண்கல மணியைக் கொடுத்தேன். வேற்று மொழிச் சொல் வந்தால் அடிக்க வேண்டும். மேஜை மேல் என் பெரிய அகராதியை வைத்திருந்தேன். ஊர் திரும்பிய துரை ஒருவரின் வீட்டு ஏலத்தில் வாங்கியது, அழகுக்காக.

முதல் ஆள் எழுந்து, “பனானா, ப்ளீஸ்” என்றான்.

மணி அடித்தது.

நான் நடுவரிடம் குனிந்து, பனானா இங்கிலீஷ்தான் என்று பணிவாக எடுத்துச் சொன்னேன்.

“இல்லையே. அது எங்க கரைப் பக்கத்துச் சொல். போர்ச்சுகீசியர் எங்ககிட்டேயிருந்து பழத்தையும் வாங்கினாங்க, பேரையும் வாங்கினாங்க. உங்க புத்தகத்தையே பாருங்களேன்.”

பார்த்தேன். அந்த அகராதியில் ஒவ்வொரு சொல்லின் கடைசியிலும் சதுர அடைப்புக்குள் பொடி எழுத்தில் ஏதோ இருக்கும். அதை நான் ஒருநாளும் படித்ததில்லை. அச்சுக்காரர்களின் சொந்த விவகாரம் என்று நினைத்திருந்தேன். அன்று சபை நடுவே உரக்கப் படித்தேன். கினி நாட்டுச் சொல் என்றிருந்தது.

அடுத்தவன் யாம் கேட்டான். மணி. “எங்க பக்கத்துச் சில பாஷையில ‘ஞாம்’னா சாப்பிடு” என்றார் ஜோசையா. “அதுலேர்ந்து வந்த பேருன்னு சொல்வாங்க. இந்த வாத்தியத்தோட பேரும் எங்க பக்கத்துலேர்ந்து போனதுதான்.” உறையிலிருந்து பாஞ்சோவை எடுத்து ஒரு முறை தட்டிக் காட்டினார். சபை கைதட்டியது.

இதோடு போகட்டும் என்று நான் கறி பப்புக்குத் தாவினேன். முத்தையா பிள்ளை தொண்டையைக் கனைத்தார்.

“தம்பி, கறின்னா நம்ம கறிதானே? அதுக்கு மணி அடிக்கலையே.”

மணி அடித்தது. எனக்கு மாமனாராக வர வேண்டியவர் எழுந்தே விட்டார். “மேங்கோ பாருங்க தம்பி. மாங்காய் மாதிரி இருக்கு.” பார்த்தேன். மாங்காய்தான், மலாய்க்காரர் வழியாகப் போயிருந்தது. “ஜிஞ்சர்?” இஞ்சி. “ஆரஞ்சு? நம்ம நாரத்தங்காய் வாடை அடிக்குதே.” அடித்தது. காதருக்கும் குஷி பிறந்துவிட்டது. காபி அரபு நாட்டுக் கஹ்வா என்று அவன் சொல்ல, அகராதியும் ஆமாம் போட்டது. டீ எங்கள் தெருமுனை ஹொக்கியன் சீனக் கடைக்காரர் சொல்லும் அதே ‘தே’. சுகர் நம்ம சர்க்கரை. கேக்காவது தேறும் என்று நம்பினேன். அதைப் பழைய காலத்தில் பனிநாட்டுக் கடலோடிகள் கொண்டுவந்து போட்டிருந்தார்கள்.

பசி ஒரு பக்கம் இருந்தாலும் சபைக்கு வேறொரு பசி வந்துவிட்டது. மேஜையில் இல்லாததையெல்லாம் கேட்க ஆரம்பித்தார்கள். சுருட்டு இருக்கா பாருங்க, கட்டுமரம் இருக்கா பாருங்க, பேம்பூ, பங்களா, ஒராங் ஊத்தான். எல்லாம் இருந்தது. ஒவ்வொன்றுக்கும் ஒரு சிரிப்பு. உண்மையைச் சொன்னால் எனக்கும் உள்ளுக்குள் ஆவல்தான். விரல் தானாகவே அடுத்த பக்கத்தைப் புரட்டியது. ஆனால் தலைவர் அல்லவா, முகத்தை உர்ரென்று வைத்துக்கொண்டேன்.

“தம்பி வேலை பாக்குற கோடவுன்?” என்றார் பிள்ளை.

மலாய்ச் சொல் என்றது அகராதி. அதற்கும் பின்னால் ஒரு பூர்வீகம் உண்டாம்.

“நம்ம கிட்டங்கிதான்” என்று பிள்ளை திருப்தியாக உட்கார்ந்தார். “நல்லா ஆராஞ்சு வச்சிருக்கான் இந்தப் புத்தகக்காரன்.”

எனக்குப் பொறுமை போய்விட்டது. கோடவுன் பெயரும் போனது, விருந்து போனது, பெண்ணும் போகப்போகிறாள். மேஜையைத் தட்டினேன். பல வருஷம் பல்லைக் கடித்து உள்ளே அடைத்து வைத்திருந்தது வெளியே வந்தது.

“எனஃப் லா!”

மணி அடித்தது. அதற்குப் பின்னால் பெண்கள் பக்கமிருந்து ஒரு சிரிப்பு வந்தது. ரஞ்சிதத்தின் சிரிப்பை நான் முதன்முதலாகக் கேட்டது அப்போதுதான்.

ஜோசையா மட்டும் சிரிக்கவில்லை. “இன்னிக்குக் கேட்டதுலேயே நல்ல சொல் இதுதான். நாங்க கடைசியில ‘ஓ’ போடுவோம். எனஃப்-ஓ, கம்-ஓ. நீங்க ‘லா’வா? இதை எங்கெங்கே போடணும், சொல்லிக்கொடுங்க” என்று நிஜமாகவே கேட்டார். சபை முழுவதும் அவருக்கு லா வகுப்பு எடுத்தது. நான் நின்றுகொண்டிருந்தேன்.

“எல்லாஞ் சரி, எப்பண்ணே சாப்பிடுறது?” என்றான் காதர். விதியை ரத்து செய்துவிடலாம் என்று நானே வாயெடுத்தேன். தலைமைக் கிராணி விடவில்லை. “விதின்னா விதிதான் தம்பி. உறுப்பினரா இருக்கிறவங்க மீறக் கூடாது.”

அந்த வாக்கியத்தில் இருந்த ஓட்டையைக் காதர்தான் கண்டான். எழுந்து, “நான் ராஜினாமா பண்றேன்” என்று சொல்லிவிட்டு ஒரு கறி பப்பை எடுத்துக் கடித்தான். பிறகு வரிசையாக எழுந்தார்கள். ராஜினாமா, ஒரு மாம்பழம். ராஜினாமா, ரெண்டு பிஸ்கட். பந்தி முடிவதற்குள் தூய ஆங்கிலச் சங்கத்தில் ஒரே ஓர் உறுப்பினர் மிஞ்சினார். பால் முழுவதும் ராஜினாமா செய்தவர்களின் டீயில் போய்விட்டதால், அவர் முன்னால் ஒரு துண்டு ரொட்டியும் ஒரு டம்ளர் தண்ணீரும் இருந்தன. ப்ரெட், வாட்டர். இரண்டும் அகராதியில் அப்பழுக்கில்லாத இங்கிலீஷ். நானும் ராஜினாமா செய்திருக்கலாம். ரோஷம் விடவில்லை. ரொட்டியைத் தண்ணீரில் நனைத்துத் தின்றேன்.

அப்போது ரஞ்சிதம் ஒரு தட்டோடு வந்தாள். தட்டில் உள்ளே ஒன்றுமில்லாத கறி பப் ஓடுகள்.

“கறியை எடுத்துட்டேன். பப் மட்டும் சுத்த இங்கிலீஷாம், அகராதியில பார்த்தேன்” என்றாள். “இதைச் சாப்பிட்டா விதிக்கு ஒண்ணும் ஆகாது.”

சாப்பிட்டேன். அவ்வளவு ருசியான ஒன்றை நான் அதற்குப் பிறகு சாப்பிட்டதில்லை.

பிள்ளையின் முடிவை மறுநாள் காதர் கொண்டுவந்தான். “பையன் இங்கிலீஷ் ஒண்ணும் பிரமாதமில்லன்னாரு. ஆனா, ‘தான் போட்ட விதிக்குத் தானே பட்டினி கெடந்தான் பாரு, அந்த மாதிரி ஆளு சொன்ன வாக்கைத் தாண்ட மாட்டான், பொண்ணைக் குடுக்கலாம்’னு சொல்லிட்டாருண்ணே.”

கலியாணத்துக்கு முன்பே பேண்டு கப்பலேறிவிட்டது. ஜோசையாவை மறுபடி பார்க்கவில்லை. வருத்தம்தான். அகராதியின் சதுர அடைப்புகளை அன்றிலிருந்து படிக்க ஆரம்பித்தேன். ஒரு சொல்லைப் பார்க்கப் போனால் அது இன்னொரு சொல்லைக் கூட்டிவந்து நிறுத்துகிறது. இன்னும் முடித்தபாடில்லை.

சீர்வரிசைப் பாத்திரங்களோடு அந்த வெண்கல மணியும் வந்தது. மாமனாரின் வேலை. அது இன்றும் எங்கள் சாப்பாட்டு மேஜையில் இருக்கிறது. பேரப் பிள்ளைகளின் இங்கிலீஷைத் திருத்த நான் வாயைத் திறந்தால் போதும், ரஞ்சிதம் அதை எடுத்து ஆட்டுவாள். உடனே ஒரு பொடிசு எழுந்து போய் ரொட்டியும் தண்ணீரும் கொண்டுவந்து என் முன்னால் வைக்கும். பெயரன் வாயில் ‘லா’ வந்தது என்று போன வாரம்கூட எனக்கு இந்தத் தண்டனை கிடைத்தது. அந்த மணியாவது வெளியூர்ச் சொல்லாக இருந்தால், அதை அடிக்கக் கூடாது என்று வாதாடலாமே என்று அகராதியைப் புரட்டிப் பார்த்தேன்.

பெல். சுத்த இங்கிலீஷ்.