தொண்ணூற்றேழு பேர் கேட்ட பாட்டு

ஒரு பாடகிக்கு அறுபது வயது நிறைந்தால் அவருடைய பாட்டுகளைத் திரட்டித் தொகுப்பு வெளியிடுவது ஒலிப்பதிவு வாரியத்தின் நீண்டகால நடைமுறை. பாடகி அப்போது உயிரோடு இருப்பது விரும்பத்தக்கது, கட்டாயமில்லை. இந்த விஷயத்தில் லிஃப்ட் ராணி வாரியத்துக்கு எந்தச் சங்கடமும் வைக்கவில்லை. அறுபது முடிந்த மறுநாளே கைப்பையோடு வாரியத்தின் மூன்றாவது மாடிக்கு மூச்சிரைக்கப் படியேறி வந்து நின்றுவிட்டார்.

அவருக்கு அந்தப் பெயர் வந்தது ஒரே ஒரு பாட்டால். இருபத்தாறு வயதில் அவர் பாடிய 'லிஃப்டுக்குள்ள நீயும் நானும்' பாட்டைக் கேட்காத காது ஊரில் கிடையாது. முடிவெட்டும் கடையில் அது, பல் மருத்துவர் வீட்டு வாசலில் அது, வாரியத்தின் லிஃப்டிலும் நாள் பூராவும் அதுதான். லிஃப்ட் மட்டும் பல வருஷமாக வேலை செய்யவில்லை.

ஆனால் அவர் வந்தது அந்தப் பாட்டுக்காக இல்லை. விதிப்படி தொகுப்பில் இரண்டு பகுதிகள் இருக்க வேண்டும்: புகழ்பெற்ற பாடல்கள், அரிய பாடல்கள். அந்த இரண்டாம் பகுதியில்தான் அவருக்குக் கண். 'பாதிப் போர்வை' என்று ஒரு பாட்டு. அக்காவும் தங்கையும் ஒரே போர்வைக்கு அடித்துக்கொள்கிற விளையாட்டுப் பாட்டு. அவரும் அவருடைய சொந்தத் தங்கையும் சேர்ந்து பாடியது. பதிவான அன்றே, இரண்டு குரல் இப்போது ஃபேஷன் இல்லை என்று சொல்லி வாரியத்தார் அதை அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டார்கள்.

தங்கை அதற்குப் பிறகு எங்கும் பாடவில்லை. பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சராகப் போய்விட்டார். நான்கு வருஷத்துக்கு முன் தொண்டையில் ஆபரேஷன் ஆகி, குரல் அடியோடு போய்விட்டது. இப்போது சொல்ல வேண்டியதை எல்லாம் ஒரு சிலேட்டில் எழுதிக் காட்டுவார். எழுத்திலும் வாய்த்துடுக்கு குறையவில்லை. அவருடைய குரல் இந்த உலகத்தில் மிச்சம் இருப்பது அந்த ஒரு நாடாவில் மட்டும்தான். அதைத் தங்கை மறுபடியும் ஒரு தடவையாவது கேட்டுவிட வேண்டும் என்பதுதான் லிஃப்ட் ராணியின் ஒரே ஆசை.

தொகுப்புப் பிரிவின் கண்காணிப்பாளர் தங்கமான மனிதர். அவர் யாருக்குக் கெடுதல் செய்திருந்தாலும் விதிப்படிதான் செய்திருப்பார்.

"அந்த நாடாவை இப்பவே ஒரு தடவை போட்டுக் காட்ட முடியுமா சார்?" என்று லிஃப்ட் ராணி கேட்டார்.

"போட்டுட்டா அது எப்படிம்மா அரிய பாட்டாகும்? ஒவ்வொரு தடவை கேக்கும்போதும் அருமை கொஞ்சம் குறையும். முதல்ல யாருமே கேட்டதில்லைன்னு நிரூபணம் ஆகட்டும். அப்புறம் எல்லாரும் கேக்கலாம்."

நிரூபணத்துக்கு வழி இருந்தது. பொதுமக்களில் நூறு பேரை வரவழைத்து, பாட்டின் பெயரைச் சொல்லி, கேட்டதுண்டா என்று விசாரிக்க வேண்டும். வாரியம் ஒலியைப் பதிவு செய்கிற வாரியமாதலால் வாக்குமூலமும் குரலிலேதான் பதிவாக வேண்டும். கண்காணிப்பாளர் தேதி குறித்தார்.

அந்த வருஷம் ஊரில் ஒரு நாகரிகம் புதிதாகப் பரவியிருந்தது. ஊரே ரசிக்கிற பாட்டை ரசிப்பது கௌரவக் குறைச்சல். யாருக்கும் தெரியாத பாட்டைத் தெரிந்துவைத்திருப்பதுதான் ரசனை. நூறு பேரும் அந்த நாகரிகத்தோடுதான் மாடியேறி வந்தார்கள்.

பல் மருத்துவர் 'பாதிப் போர்வை'யைச் சின்ன வயதிலிருந்தே கேட்டுவருவதாகச் சொன்னார். ஒரு கணவனும் மனைவியும் தங்களுக்குள் காதல் மலர்ந்ததே அந்தப் பாட்டால்தான் என்று ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒரு பேராசிரியர் அதன் மூன்றாவது சரணம் தேவையில்லாத ஒட்டு என்று வருத்தப்பட்டார். பாட்டில் இருந்ததே இரண்டு சரணம்தான். ஆக, நூற்றுக்குத் தொண்ணூற்றேழு பேர் கேட்டிருந்தார்கள்.

புகழுக்கும் நிரூபணம் வேண்டும் என்பதால் அதே நூறு பேரிடம் விசாரித்த 'லிஃப்டுக்குள்ள நீயும் நானும்' பாட்டின் கதை தலைகீழ். அப்படி ஒரு பாட்டா என்று எல்லாரும் புருவத்தை உயர்த்தினார்கள். வாசல் காவலாளி அதை முணுமுணுத்துக்கொண்டே உள்ளே வந்து, கேள்விப்பட்டதே இல்லை என்று வாக்குமூலம் கொடுத்துவிட்டு, விட்ட இடத்திலிருந்து முணுமுணுத்துக்கொண்டே இறங்கிப் போனார்.

வாரியம் உத்தரவு பிறப்பித்தது. லிஃப்ட் பாட்டு அரிய பாடலாக அறிவிக்கப்பட்டு, அதன் அருமையைக் காக்கும்பொருட்டு லிஃப்டில் இருந்த ஒலிபெருக்கி அன்றே கழற்றப்பட்டது. 'பாதிப் போர்வை' புகழ்பெற்ற பாடலாயிற்று. தொண்ணூற்றைந்து சதவீதத்துக்கு மேல் புழங்கும் பாடலை மறுபடியும் வெளியிடுவது வீண் என்று ஒரு விதி இருந்ததால், அதன் பெயரை மட்டும் அட்டையில் அச்சிட்டால் போதும் என்றும் முடிவாயிற்று.

லிஃப்ட் ராணி தங்கையையும் கூட்டிக்கொண்டு ஓடிவந்தார்.

"நீங்க வெளியிடவே இல்லையே சார். பூட்டி வச்ச பாட்டை ஊர் எப்படிக் கேட்டிருக்கும்?"

"அது எனக்கும் ஆச்சரியமாத்தான் இருக்கு. ஆனா தொண்ணூத்தேழு பேர் சொல்றாங்களே. நீங்க கடைசியா எப்பக் கேட்டீங்க?"

"பாடின அன்னிக்குக் கேட்டதுதான்."

"பாத்தீங்களா," என்றார் கண்காணிப்பாளர் பரிவோடு. "ஊர்ல எல்லாருக்கும் மனப்பாடம். உங்களுக்குத்தான் தொடர்பு விட்டுப்போச்சு."

தங்கை சிலேட்டில், 'பாடினதே நாங்கதான்' என்று எழுதி அவர் மூக்குக்கு நேராக நீட்டினார். பாடியவர்கள் பலனடையும் தரப்பு என்பதால் அவர்கள் சாட்சி செல்லாது என்று கண்காணிப்பாளர் மரியாதையாக விளக்கினார். தங்கை அதை அழித்துவிட்டு எழுதிய அடுத்த வரியை லிஃப்ட் ராணி அவசரமாகக் கையால் மறைத்துக்கொண்டார்.

தொகுப்பு வெளிவந்தது. வெளியீட்டு விழாவில் வாரிய இயக்குநர் தாம் வளர்ந்ததே 'பாதிப் போர்வை'க்குள்தான் என்று நா தழுதழுக்கப் பேசினார். கூட்டம் கண்ணைத் துடைத்துக்கொண்டது. தொகுப்பை வாங்கிப் போனவர்கள் வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டு லிஃப்ட் பாட்டைப் போட்டுக் கேட்டார்கள்.

மூன்றாம் நாள் காலை தங்கை சிலேட்டோடு சமையலறைக்கு வந்தார். கணக்கு டீச்சரின் மூளை சும்மா இருக்கவில்லை. 'இப்ப அது அரிய பாட்டு இல்லை. கேட்டா அருமை குறையாது. போய்ப் போடச் சொல்லு.'

கண்காணிப்பாளருக்கு ஒரு மறுப்பும் இல்லை. வாதம் விதிப்படி சரியாக இருந்தது. அவரே அலமாரியைத் திறந்து, நாடாவைத் தூசி தட்டி, கருவியில் மாட்டி, பொத்தானை அழுத்தினார். அக்காவும் தங்கையும் கையைக் கோத்துக்கொண்டு உட்கார்ந்தார்கள்.

"கேட்டிருக்கிறேன்," என்றது கருவி, நூறு பேரில் முதல் ஆளாகத் தம்மையே சேர்த்துக்கொண்டிருந்த கண்காணிப்பாளரின் குரலில்.

"கேட்டிருக்கிறேன்," என்றது அடுத்ததாகப் பல் மருத்துவரின் குரலில்.

லிஃப்ட் ராணிக்கு விஷயம் புரிய ஏழெட்டுப் பேர் ஆயிற்று. வாக்குமூலங்களைப் பாட்டின் மேலேயே பதிவு செய்திருந்தார்கள். கண்காணிப்பாளர் பதறாமல் சொன்னார்: புது நாடாவுக்கு அனுமதி வர ஒன்றரை வருஷமாகும், அதுவுமில்லாமல், சான்று எந்தப் பாட்டைப் பற்றியதோ அந்தப் பாட்டோடேயே இணைக்கப்பட வேண்டும் என்பது விதி. நூறு பேருக்குத் தலா இரண்டு நொடி. பாட்டின் நீளமும் சரியாக இருநூறு நொடி. அந்தப் பொருத்தத்தைச் சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு பெருமிதம்கூடத் தெரிந்தது.

"எங்க உசிரை அழிச்சிட்டீங்களே சார்," என்றார் லிஃப்ட் ராணி. அவருக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. தங்கை மட்டும் சிலேட்டின் ஓரத்தில் குச்சியால் ஒவ்வொரு கோடாகப் போட்டு எண்ணிக்கொண்டே இருந்தார்.

தொண்ணூற்றேழாவது ஆள் சொல்லி முடித்தார். கருவி நிற்கவில்லை. நாடா ஓடியது.

மாடியைக் கூட்டுகிற அம்மாள், காது கேளாத ஒரு பெரியவர், மின்கட்டண அலுவலகம் என்று நினைத்து வரிசையில் நின்றுவிட்ட ஒரு பெண்: இந்த மூன்று பேரும் கேட்டதில்லை என்று சொல்லியிருந்தார்கள். இல்லை என்பவர்களுக்கு நாடா ஒதுக்க விதியில் இடமில்லை. அவர்களுடைய ஆறு நொடி அழியாமல் கிடந்தது.

'போர்வையில பாதி உனக்கு, தூக்கம் முழுசும் எனக்கு' என்று தங்கையின் இளம் குரல் பாடியது. பாடும்போதே சிரிப்பை அடக்க முடியாமல் கடைசிச் சொல் கொஞ்சம் நடுங்கிற்று.

தங்கை எண்ணுவதை நிறுத்தினார். பிறகு விரலைச் சுழற்றி, திரும்பப் போடு என்று காட்டினார். கண்காணிப்பாளர் போட்டார். மறுபடியும் விரல் சுழன்றது. மூன்றாம் தடவை கேட்கும்போது தங்கையின் உதடும் சேர்ந்து அசைந்தது. லிஃப்ட் ராணி வாய்விட்டே அழுதார்.

கண்காணிப்பாளரும் கண்ணை மூடிக்கொண்டு, தலையை மெல்ல ஆட்டிக் கேட்டார். முடிந்ததும் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"யார் பாடினதோ, நல்லாத்தான் பாடியிருக்காங்க," என்றார். "ஆனாலும் அந்த ஒரிஜினல் மாதிரி வரலைம்மா."