லாமாவின் மலைச் சுற்று

மொன்றியல் முழுவதிலும் எதையும் சுற்றாமல் தாண்டிப் போகத் தெரியாத ஒரே மனிதன் எங்கள் லாமாதான்.

துறவியெல்லாம் இல்லை. கோட்-டெ-நெய்ஜ் பகுதி ஆஸ்பத்திரி ஒன்றில் என்னோடு தரை துடைக்கிற திபெத்துக்காரன். பெயர் நாங்கள் வைத்தது. தூணைக் கண்டால் வலமாகத்தான் துடைப்பான். இடப்பக்கம் கோப்பி கொட்டிக் கிடந்தாலும் முழுச்சுற்று வந்துதான் தொடுவான். மேற்பார்வைக்காரி தலையில் அடித்துக்கொள்வாள்.

தமிழும் கதைப்பான், அதுவும் மதுரைத் தமிழ்! கர்நாடகத்துத் திபெத்தியர் குடியிருப்பில் பிறந்து, குளிர்காலங்களில் மதுரையில் ஸ்வெட்டர் விற்ற ஆள்.

"அண்ணா, எங்க திபெத்துக் கணக்குல இது குதிர வருஷம். கைலாஸத்த ஒரு சுத்து சுத்துனா பதிமூணு சுத்துக்குச் சமம்."

"நல்ல மலிவு விற்பனைதான். போயிட்டு வாவன்!"

சீனாக்காரன் விட்டால்தானே? திபெத்தியன் என்றதும் விசா இரண்டு தரம் மறுக்கப்பட்டது. மூன்றாம் தரம் பதிலே இல்லை. சின்ன வயதில் திபெத்திலிருந்து தப்பி வந்த அவனுடைய தாய், அந்த மலையைச் சுற்றாமலே இப்போது கர்நாடகத்தில் சாகக் கிடந்தாள். தனக்காக அவன் சுற்ற வேண்டுமாம். ஒவ்வொரு போனிலும் "மலைக்குப் போனியா?" என்பாளாம்.

"அண்ணா, இங்க ஒரு மலை இருக்குல்ல?"

"விசரே உனக்கு? மொன்ட் ரோயல், சனம் நாயோட ஓடுற இடமடா!"

"விசா கேக்காத மலை இது ஒண்ணுதாண்ணா."

பழைய ரப்பர் செருப்புகளைக் கைகளில் கட்டிக்கொண்டு, திபெத்து வழக்கப்படி நெடுஞ்சாண்கிடையாக விழுந்து எழும்பி மலையடியைச் சுற்றத் தொடங்கினான். ஒவ்வொரு லீவு நாளும் விட்ட இடத்திலிருந்து தொடர்வான். ஓடுகிறவர்கள் பதறி அம்புலன்ஸைக் கூப்பிட்டார்கள். அவனுடைய கோட்டையும் போனையும் தூக்கிக்கொண்டு, "மெடாம், அவர் கும்பிடுறார்" என்று என் ஓட்டைப் பிரெஞ்சில் விளக்குவது என் வேலை.

கடைசி வளைவு மட்டும் மிச்சமிருந்தபோது போன் அடித்தது. எடுத்துக் கொடுத்தேன். இரண்டு சொல் கேட்டவன் ரோட்டிலேயே குந்திவிட்டான்.

"அம்மா போயிட்டாங்கண்ணா. இனிமே அவங்களுக்கு விசா வேணாம்."

குதிரை வருசமாம், பதிமூன்று சுற்றாம்! எல்லாம் பாழ் என்று பட்டது. எழும்பப் பார்த்தவனைப் பிடித்து இருத்தினேன். அவன் கைச் செருப்புகளைக் கழற்றி என் கைகளில் கட்டினேன்.

"நீ இரு. மிச்சத்தை நான் விழுறன்."

எனக்கு ஐம்பத்தெட்டு வயது, தொப்பை வேறு. அந்தத் தாயை ஒருநாளும் கண்டதில்லை. இதை எந்தச் சாமி ஏற்குமோ தெரியாது. ஆனாலும் விழுந்த ஒவ்வொரு முறையும் என் வாயில் "அம்மா" என்றுதான் வந்தது.