கணவன் ஓர் இனம், மனைவி ஓர் இனம்

பிரிப்பாளர்கள் என்று ஒரு ரகம் உண்டு. நீங்கள் பார்த்திருப்பீர்கள். இரட்டைப் பிள்ளைகளைக் கொண்டுவந்து முன்னே நிறுத்தினாலும், "ஜாடை துளிகூட ஒட்டலையே!" என்பார்கள்.

இந்த ரகத்தின் சிகரம் நம் சிலந்தி ஆய்வாளர். அருங்காட்சியகத்தின் பின்பக்கத்தில் அவர் அறை. உள்ளே நுழைந்தால் ஸ்பிரிட் நெடி குப்பென்று அடிக்கும். சந்தேகப்படாதீர்கள், மப்பில் மிதப்பவை புட்டிகளுக்குள் கிடக்கும் சிலந்திகள்தாம். மனிதர் முதுகைக் கூனி, மைக்ரோஸ்கோப்பில் கண்ணைப் புதைத்து, பக்கத்தில் காபி ஆறி ஆடை படிவதுகூடத் தெரியாமல், ஒரு சிலந்தியின் முன்னங்காலில் ரோமம் ஒன்று கூடுதலாக இருக்கிறதா என்று தேடுவார். இருந்தால் புது இனம். இல்லாவிட்டால்? ரோமம் குறைந்த புது இனம்!

யாராவது வாய்தவறி "சிலந்திப் பூச்சி" என்றுவிட்டால் தொலைந்தார். "பூச்சிக்கு ஆறு கால். இதுக்கு எட்டு. எண்ணிப் பாருங்க!" எண்ணி முடிக்காமல் வீடு போக முடியாது.

இவர் ஓர் ஆண் சிலந்தியைப் புது இனமென்று அறிவித்து, அதற்குத் தம் மனைவியின் பெயரைச் சூட்டினார். கழுத்துக்குச் சங்கிலி கேட்டவருக்குக் கிடைத்தது சிலந்தி. ஆனாலும் அந்த அம்மாள் தெரு முழுக்கச் சொல்லிப் பூரித்துப்போனார்.

வினை பக்கத்து அறையிலிருந்து வந்தது. அங்கே இருந்த பெண் ஆய்வாளர், முன்பே ஒரு பெண் சிலந்திக்கு வேறு பெயர் வைத்திருந்தவர். ஒருநாள் கண்ணாடிப் பெட்டியோடு வந்து நின்றார்.

"சார், உங்க இனமும் என் இனமும் இதுக்குள்ள குடித்தனம் நடத்துதுங்க."

"பக்கத்துல இருந்தா குடித்தனமா? நீங்களும் நானுந்தான் பக்கத்துப் பக்கத்து ரூம்ல இருக்கோம்."

"முட்டை பொரிஞ்சிருச்சு சார்."

"கலப்புக் கல்யாணமா இருக்கும்!"

குஞ்சுகள் வளர்ந்தன. ஆணெல்லாம் இவருடைய இனமாகவும், பெண்ணெல்லாம் அவருடைய இனமாகவும் வளர்ந்து நின்றபோது, வாதாட ஒரு ரோமம்கூட மிச்சமில்லை. முதலில் வைத்த பெயரே செல்லும் என்பது அந்தத் துறையின் சட்டம். மனைவியின் பெயர் போயிற்று.

வீட்டுக்கு வந்தவர் மென்று விழுங்கினார். "உன் பேர் வெச்ச சிலந்தி இருக்கே... அதுவும் அந்தப் பொம்பளச் சிலந்தியும் புருஷன் பெண்டாட்டியாம். நான் வேற வேற இனம்னு நெனச்சுட்டேன்."

அம்மாள் துணி மடிப்பதை நிறுத்தவில்லை. "அதுல என்ன தப்பு? நம்மளப் பார்த்து நானும் அப்படித்தானே நெனச்சுக்கிட்டிருக்கேன்!"

அவர் முகம் இன்னும் தொங்கியது. "உன் பேரு போச்சேம்மா."

"போனா போகட்டும். தப்புன்னு ஒத்துக்கிட்டீங்களா?"

"எழுதியே குடுத்துட்டேன்."

அம்மாள் கையிலிருந்த சட்டையை அப்படியே வைத்துவிட்டு அவரை ஏற இறங்கப் பார்த்தார். "இந்த வீட்டுல இது நெஜமாவே புது இனம்தாங்க."

மனிதர் உருகிவிட்டார். திருந்தியும் விட்டார் என்கிறீர்களா? மறுநாள் காலையிலேயே அந்தக் குஞ்சுகளில் இரண்டைத் தனித்தனிப் புட்டியில் போட்டு, பக்கத்து அறைக் கதவைத் தட்டினார். "அண்ணன் தம்பியாவே இருக்கட்டும். ஆனா இந்த இடது காலைக் கொஞ்சம் பாருங்களேன்!"

சிரிக்கிறீர்கள். "நல்லவேளை, நான் அந்த ரகமில்லை" என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டீர்கள்தானே? பார்த்தீர்களா, அதற்குள் ஒரு புது ரகத்தைப் பிரித்துவிட்டீர்கள்!