பத்து கஜம் முன்னால் நின்ற ப்ரூயிட்

மெரியட்டா, ஒஹாயோ
1952 மார்ச் 9

'ஹாலோவெல் பழைய மாணவர் மடல்' ஆசிரியர் திரு. லைமன் க்ரூ அவர்களுக்கு,

ஹாலோவெல் ராணுவ அகாடமியில் 1912-ல் தேறியவனும், ஓய்வுபெற்ற கர்னலும், பல் எல்லாம் கட்டிய பல்லானாலும் கை நடுங்காமல் எழுதுகிறவனுமான தாடியஸ் கோல்பி வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. இவ்விடம் நான் நலம். தாங்களும் தங்கள் மனைவி மக்களும் நலமென்றே நம்புகிறேன். தங்கள் மூளை நலமா என்பதில்தான் எனக்குச் சந்தேகம்.

பிப்ரவரி மடல், ஏழாம் பக்கம். "1911 ஃபுட்பால் அணி ஏழு ஆட்டங்களில் வென்று எட்டாவதில் தோற்றதற்குக் காரணம், எல்லைக்கோட்டுக்குப் பத்து கஜம் இருக்கையில் ஆம்ப்ரோஸ் ப்ரூயிட் பயந்து நின்றுவிட்டதே" என்று அச்சடித்திருக்கிறீர்கள். பயந்தா? என்ன சார் இது? அந்த ப்ரூயிட் என் பக்கத்து வீட்டுக்காரன். மடல் வந்த நாளிலிருந்து என்னோடு செக்கர்ஸ் ஆட வரவில்லை. அந்த அணியில் மற்றவர்களைப் பிரான்ஸ் யுத்தமும் வயசும் கொண்டுபோய்விட்டன. மிச்சம் நாங்கள் இரண்டே பேர். ஜூன் மாதப் பழைய மாணவர் சந்திப்புக்குச் சேர்ந்து வருவதாக இருந்தோம். இப்போது "நீ போய்ட்டு வாடா, எனக்கு முட்டி வலி" என்கிறான். முட்டி வலிக்கிற மனுஷன் நேற்று ஏணி போட்டுக் கூரை மேலே ஏறி இலைச் சருகு அள்ளுகிறான்! அவன் ஜூனில் வரவேண்டுமானால் அடுத்த இதழில் திருத்தம் வரவேண்டும்.

அது எப்படிப்பட்ட வருஷம் என்று உங்களுக்குத் தெரியாது, நீங்கள் அப்போது பிறந்தே இருக்கமாட்டீர்கள். அகாடமியில் முந்நூறு பேர் வேகவைத்த பிளம்ஸை முழுங்கிக்கொண்டிருக்க, ஆட்டக்காரர்களுக்கு மட்டும் தனி மேஜை, தினம் மாட்டுக்கறி வறுவல், மற்றவன் விடுகிற பெருமூச்சிலேயே கறி ஆறிப்போகும். கம்பளி ஜெர்சி மழையில் நனைந்தால் கன்றுக்குட்டியைத் தோளில் போட்ட கனம். இந்தக் காலத்துப் பிள்ளைகள் தலையில் சட்டியைக் கவிழ்த்துக்கொண்டு ஆடுகிறார்கள், எங்கள் காலத்தில் மற்ற கல்லூரிக்காரன் முடியைப் பம்பையாக வளர்த்து மண்டையைக் காப்பாற்றிக்கொள்வான், எங்களுக்கு அந்தக் கொடுப்பினையும் இல்லை, வாராவாரம் ஒட்ட வெட்டிவிடுவார்கள். மூன்றாவது ஆட்டத்தில் என் மூக்கு உடைந்து கன்னத்துப் பக்கம் ஒதுங்கிவிட்டது. சாயங்கால அணிவகுப்பில் ராணுவக் கேப்டன் என் முன்னால் வந்து நின்றார்.

"கேடட் கோல்பி, என்ன இது?"

"மூக்கு, சார்."

"மூக்கை யாருய்யா கேட்டா? மூணாவது பொத்தான் எங்கே?"

அந்தக் குரலை இன்னொரு தடவை கேட்கமாட்டோமா என்று இருக்கிறது, சார். மூக்கை வேண்டுமானால் மறுபடியும் கொடுக்கத் தயார்.

சரி, கடைசி ஆட்டம். விவசாயக் கல்லூரிக்காரர்கள் வந்த ரயில் தாமதம், அதனால் ஆட்டமும் தாமதம், நவம்பர் மாசம் என்பதால் சூரியன் யாருக்காகவும் காத்திருக்கவில்லை. இரண்டு பக்கமும் ஒரு புள்ளிகூட இல்லை, இன்னும் ஒரே நிமிஷம். பந்தைக் கையோடு கொண்டுபோய் எல்லைக்கோட்டைத் தாண்டினால் வெற்றி; ப்ரூயிட் அதை அக்குளில் இடுக்கிக்கொண்டு ஓடுகிறான், எதிரே ஈ காக்கை இல்லை. அப்போதுதான் எக்காளம் ஊதியது. உங்களுக்கே தெரியும், மாலையில் எக்காளம் ஊதிக் கொடி இறங்கும்போது கேடட் என்பவன் எங்கே எப்படி இருந்தாலும் அங்கேயே நின்று, கொடியைப் பார்த்துச் சல்யூட் அடிக்கவேண்டும். கொடிக்கம்பம் ப்ரூயிட் ஓடிக்கொண்டிருந்த கோட்டுக்கு அப்பால் இருந்தது. நின்றோம். பார்க்க வந்த முந்நூறு கேடட்களும் எழுந்து நின்றார்கள். கடைக்கண்ணால் பார்த்தேன், அந்த மங்கலில் ப்ரூயிட்டும் நின்றிருந்தான், கை நெற்றிக்குப் போயிருந்தது. எங்கள் பயிற்சியாளர் ஃபின்லே ராணுவத்துக்காரர் அல்ல. தொப்பியைத் தரையில் அடித்துக் கத்தினார்: "ஓடுங்கடா பாவிகளா! கொடி எங்கயும் ஓடிடாது, பந்துதான்டா ஓடுது!"

ஓடியேவிட்டது. விவசாயக் கல்லூரிப் பையன் ஒருவன் வந்து, அடைகோழிக்கு அடியிலிருந்து முட்டை எடுப்பதுபோல ப்ரூயிட்டின் அக்குளிலிருந்து பந்தை எடுத்துக்கொண்டு, எங்கள் எல்லோரையும் தாண்டி, அவசரமே இல்லாமல் மறு கோடிக்குப் போய் எங்கள் எல்லைக்கோட்டுக்கு அப்பால் வைத்தான், ஆட்டம் போச்சு. நடுவர் விசில் ஊதி நிறுத்தவில்லை, அவர் சட்டத்தில் எக்காளம் கிடையாது. எங்களில் கஸ் ரைடர் ஒருவன்தான் சல்யூட்டைக் கலைத்துவிட்டுத் துரத்தினான். அதற்காக அவன் ஆறு சனிக்கிழமை துப்பாக்கியைச் சுமந்து முற்றத்தைச் சுற்றினான்.

ஆக, அது பயம் இல்லை, சார், கடமை. பத்து கஜத்தில் வெற்றி இருந்தும் சட்டத்துக்காக நின்றவன் அவன். பிரான்ஸில் பதுங்குகுழியில் என் ஆட்களுக்கு இந்தக் கதையைத்தான் சொன்னேன். என் கல்யாண விருந்தில் சொன்னேன். என் மனைவி சாகிறவரை மாதம் ஒரு தடவை கேட்டுத் தொலைத்தாள், பாவம். இதை அப்படியே போடுங்கள்.

தங்கள் குடும்பம் தழைக்கவும், மடல் ஓங்கவும், அச்சுக்கோப்பவருக்குக் கண்பார்வை தெளியவும் வேண்டி நிற்கும்,

தாடியஸ் கோல்பி

பி.கு.: கடிதத்தை ஒட்டுவதற்கு முன் ப்ரூயிட்டைக் கூப்பிட்டுப் படித்துக் காட்டினேன். முழுக்கக் கேட்டுவிட்டு, "எக்காளமா? எனக்கு எதுவும் கேக்கலையேடா" என்கிறான்.

"அப்புறம் எதுக்குடா நின்னே?"

"காதுக்குள்ள ரத்தம் குப்புகுப்புனு அடிக்குது, ஒண்ணும் கேக்கலை. எவனாவது துரத்துறானான்னு திரும்பிப் பாத்தேன். நீங்க எல்லாரும், அந்த முந்நூறு பேரும், சூப்பரின்டென்டன்ட் உட்பட, என்னைப் பாத்து சல்யூட் அடிச்சுகிட்டு நிக்கிறீங்க. நான் ஓடின ஓட்டத்துக்குத்தான்னு நினைச்சேன். பதில் சல்யூட் போடலைன்னா மரியாதையா இருக்குமா?"

"நாப்பது வருஷமா ஏன்டா சொல்லலை?"

"அது கொடிக்குன்னு அன்னைக்கு ராத்திரியே தெரிஞ்சுபோச்சு. சொன்னா எல்லாரும் சிரிப்பீங்க. ஆனா அந்த ஒரு நிமிஷம் இருக்கு பாரு, தாட், அது மாதிரி ஒண்ணு எனக்கு அப்புறம் வரவே இல்லைடா."

எனக்குச் சிரிப்பு வரவில்லை, ஆசிரியரே. கடமை என்று நான் எழுதியதையும் அடித்துவிடுங்கள், பயம் என்று நீங்கள் எழுதியதையும் அடித்துவிடுங்கள். ஜூனில் அவனை எப்படியாவது அழைத்து வருகிறேன். அவன் மண்டபத்துக்குள் நுழையும்போது எல்லோரும் எழுந்து நின்று ஒரு சல்யூட் அடிக்க ஏற்பாடு செய்வீர்களா? அந்தப் பக்கம் கொடி எதுவும் இல்லாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.